1971 வங்காளப் படுகொலைய ஐநா ஏன் இன்னும் இனப்படுகொலை எண்டு ஏத்துக்கொள்ளேல்ல? கட்டுநாயக்க விசயமும் தெரிஞ்சவை சொல்லுங்கோ

தெஹிவளை_தர்ஷி

எல்லாருக்கும் வணக்கம், கேள்வி கொஞ்சம் நீளம், பொறுமையா வாசிச்சு பதில் போடுங்கோ. எங்கட அண்ணா டாக்காவில ஒரு கார்மெண்ட்ஸ் கொம்பனியில வேலை, கொழும்பில இருந்து எவ்வளவு பேர் அங்க மேனேஜர் மெர்ச்சண்டைசர் எண்டு போய் இருக்கினம் எண்டு தெரியும்தானே. மார்ச் மாசம் நானும் அம்மாவும் அவரப் பாக்கப் போனம். 25ஆம் திகதி இரவு ஒரு நிமிஷம் லைட் எல்லாத்தையும் அணைச்சவை. 71ல அந்த இரவிலதான் பாகிஸ்தான் ஆமி டாக்காவுக்குள்ள இறங்கி சனத்தச் சுடத் தொடங்கினது, அதால நாடு முழுக்க இப்பிடிச் செய்யிறவை எண்டு அண்ணா சொன்னார். அடுத்த கிழமை ஆகர்காவ்ன் எண்ட இடத்தில இருக்கிற விடுதலைப் போர் மியூசியத்துக்கும் கூட்டிக்கொண்டு போனார். மிர்பூர் பக்கம் கிணறுகளுக்குள்ள இருந்து தோண்டி எடுத்த எலும்புகள், செத்த ஆக்களின்ட கண்ணாடி, செருப்பு, பேனா எல்லாம் வச்சிருக்கினம். அம்மா பாதியிலேயே வெளியில போய் இருந்திட்டா. அவவுக்கு வேற ஞாபகங்கள் வந்திருக்கும், நான் ஒண்டும் கேக்கேல்ல.

அங்க அண்ணாவோட வேலை செய்யிற ஒரு பெரியவர் சாப்பிடேக்க எங்களிட்ட ரெண்டு விசயம் சொன்னார். ஒண்டு, ஐம்பது வருசம் தாண்டியும் ஐநா இத இனப்படுகொலை எண்டு ஒரு வரி சொல்லேல்ல எண்டது. மற்றது, உங்கட கொழும்பு எயார்போர்ட்டால வந்த ப்ளேன்லதான் எங்களச் சுட ஆக்களக் கொண்டு வந்தவங்கள் எண்டது. கோவமாச் சொல்லேல்ல, ஆனா எனக்கு என்ன பதில் சொல்றதெண்டே தெரியேல்ல. ஏ/எல்லுக்கு வரலாறு படிச்சனான், இந்த விசயத்த ஒருத்தரும் எங்களுக்கு விளங்கப்படுத்தினதில்ல.

செத்தது முப்பது லட்சம் எண்டு அவை சொல்லினம், இணையத்தில தேடினா இல்ல அவ்வளவு இல்ல எண்டு ஒரு பெரிய சண்டையே நடக்குது. அந்தச் சண்டையாலதான் அங்கீகாரம் கிடைக்கேல்லையா, இல்ல வேற காரணமா? கட்டுநாயக்க கதை உண்மையா? வாசிச்ச ஆக்கள், அந்தக் காலத்தில இருந்த ஆக்கள் தயவுசெய்து சொல்லுங்கோ.


மரீன்டிரைவ்_வாசகன்

தங்கச்சி நல்ல கேள்வி. 71 மார்ச்சில இருந்து தொடங்கினா விளங்காது, 48ல இருந்து வரவேணும். இண்டைய பங்களாதேஷ் அப்ப கிழக்கு பாகிஸ்தான், பாகிஸ்தானின்ட ஒரு பகுதி. தீரேந்திரநாத் தத்தா எண்டு ஒருத்தர், குமில்லாவச் சேர்ந்த வக்கீல், பாகிஸ்தான் அரசியல் நிர்ணய சபையில உறுப்பினர். 1948 பெப்ரவரியில கராச்சியில எழும்பி நிண்டு உருதுவோடயும் இங்கிலீசோடயும் வங்காளத்தையும் சபையின்ட மொழியாச் சேருங்கோ எண்டு கேட்டவர். நாட்டில பாதிக்கு மேல சனம் பேசுறது வங்காளம், அவர் கேட்டது அவ்வளவுதான். பிரதமர் லியாகத் அலிகான் முடியாதெண்டிட்டார், அடுத்த மாசம் ஜின்னா டாக்காவுக்கே வந்து உருது மட்டும்தான் அரச மொழி எண்டு சொல்லிட்டுப் போனார். 52 பெப்ரவரி 21 அதுக்கெதிரா ஊர்வலம் போன மாணவர்களச் சுட்டவங்கள், அந்தத் திகதியத்தான் 1999ல யுனெஸ்கோ சர்வதேச தாய்மொழி தினம் எண்டு அறிவிச்சது, நாங்களும் கொழும்பில ஒவ்வொரு வருசமும் மண்டபம் எடுத்துக் கொண்டாடுறம், யார் செத்ததால அந்த நாள் வந்ததெண்டு மேடையில சொல்றவை குறைவு. 56ல எங்களுக்கு என்ன நடந்ததெண்டு தெரிஞ்ச ஆக்களுக்கு இதெல்லாம் விளங்கப்படுத்தத் தேவையில்ல.

தத்தாவின்ட கதை முடியேல்ல. 71 மார்ச் 29 இரவு ஆமி குமில்லாவில அவற்ற வீட்டுக்குப் போய் அவரையும் மகன் திலீப்பையும் கொண்டு போனது. அவருக்கு அப்ப 84 வயசு. ரெண்டு பேரும் திரும்பி வரேல்ல. 84 வயசுக் கிழவர் துவக்குத் தூக்கினவரோ? 23 வருசத்துக்கு முதல் சபையில ஒரு மொழியக் கேட்டவர், அதோட இந்து. இந்த ஒரு வீட்ட வச்சே அண்டைக்கு யார யார ஏன் தேடினவங்கள் எண்டு பிடிச்சிடலாம்.

இடையில நடந்தது தேர்தல். 70 நவம்பர்ல போலா புயல், குறைஞ்சது மூண்டு லட்சம் சனம் கடலோட போட்டுது, இஸ்லாமாபாத் ஆற அமர வந்து பாத்தது. அடுத்த மாசமே வோட்டு. கிழக்கில இருந்த 162 பொதுத் தொகுதியில அவாமி லீக் 160 எடுத்திட்டுது, முழு பாகிஸ்தான் பாராளுமன்றத்திலயே அவையளுக்குத்தான் பெரும்பான்மை, சட்டப்படி அவையின்ட தலைவர் ஷேக் முஜிப் பிரதமரா வரவேணும். ஆமி ஆட்சி நடத்தின சனாதிபதி யாஹியாகான் மார்ச் 1ஆம் திகதி சபைய ஒத்திவச்சார். பிறகு பேச்சுவார்த்தை எண்டு சொல்லிக்கொண்டே ப்ளேன்ல ஆமியக் கொண்டு வந்து இறக்கினவங்கள், 25 இரவு ஒபரேசன் சேர்ச்லைட் எண்ட பேரில அடிக்கத் தொடங்கினவங்கள். முதல் அடி எங்க விழுந்ததெண்டு பாருங்கோ: டாக்கா யூனிவேர்சிட்டி, அதிலயும் இந்து மாணவர்கள் இருந்த ஜகந்நாத் ஹோல், ராஜார்பாக் பொலிஸ் லைன்ஸ், பீல்கானாவில இருந்த ஈபீஆர் (கிழக்கு பாகிஸ்தான் ரைபிள்ஸ்) படை முகாம். ஜகந்நாத் ஹோல் புல்வெளியில பிள்ளையள வரிசையா நிப்பாட்டிச் சுட்டத பக்கத்து பொறியியல் யூனிவேர்சிட்டி பேராசிரியர் நூருல் உலா தன்ர வீட்டு ஜன்னலால கமராவில எடுத்திருக்கிறார். அந்தப் படம் இண்டைக்கும் இருக்கு.

உலகத்துக்குத் தெரியாதெண்டு ஒருத்தரும் சொல்லேலாது. டாக்காவில இருந்த அமெரிக்க கொன்சல் ஜெனரல் ஆர்ச்சர் பிளட் மார்ச் 28லேயே இது தெரிவு செய்து செய்யிற இனப்படுகொலை எண்டு வாஷிங்டனுக்குத் தந்தி அடிச்சிட்டார். ஏப்ரல் 6 அவற்ற ஒபிஸ்காரர் 20 பேர் கையெழுத்து வச்சு எங்கட அரசாங்கம் ஒழுக்கமே இல்லாம நடக்குது எண்டு இன்னொரு தந்தி. நிக்சனும் கிசிஞ்சரும் அத ஒதுக்கிப் போட்டு அவர அங்க இருந்து எடுத்திட்டினம். ஏனெண்டால் அந்த நேரம் சீனாவோட ரகசியமாக் கதைக்கிறதுக்கு பாகிஸ்தான்தான் வழி, ஜூலையில கிசிஞ்சர் இஸ்லாமாபாத்துக்குப் போய் அங்க இருந்துதான் களவாப் பீக்கிங் போனவர். யாஹியாவ நோகடிச்சா அந்தக் கதவு பூட்டுப்பட்டுப் போகும். அதுக்காக ஒரு கோடி சனம் எல்லை தாண்டி இந்தியாவுக்குள்ள ஓடினதப் பாத்துக்கொண்டு இருந்தவை.

இன்னொருத்தரையும் சொல்லாம விடேலாது, அந்தனி மஸ்கரேனஸ், கராச்சிப் பத்திரிகைக்காரர். ஆமியே தங்களுக்கு நல்லா எழுதட்டும் எண்டு கூட்டிக்கொண்டு போய்க் காட்டினது. அவர் பாத்ததப் பாத்திட்டு, குடும்பத்த பாகிஸ்தானால வெளியில எடுத்த பிறகு, ஜூன் 13 லண்டன் சண்டே டைம்ஸில எழுதினார், தலைப்பே இனப்படுகொலை. வீடு வாசல் எல்லாத்தையும் விட்டிட்டு எழுதின எழுத்து அது.


புதுக்கடை_சட்டத்தரணி

மேல அண்ணன் வரலாற நல்லா சொல்லிட்டாரு, நான் சட்டப் பக்கத்த சொல்றேன். தர்ஷி தங்கச்சி கேட்ட நம்பர் விஷயத்த முதல்ல முடிச்சிருவோம். பங்களாதேஷ் அரசாங்கம் முப்பது லட்சம்ங்குது, வெளியில உள்ள ஆய்வாளர்கள் நிறைய பேரு மூணு லட்சம் ஐஞ்சு லட்சம்ன்னு பேசுறாங்க, பாகிஸ்தான் போட்ட ஹமூதுர் ரஹ்மான் கமிஷன் ஆமி சொன்ன 26,000த்த எடுத்துக்கிச்சு. இதுல எத எடுத்தாலும் இனப்படுகொலையா இல்லையாங்கிற கேள்விக்கு அது பதில் இல்ல. ஐநாவோட 1948 இனப்படுகொலை சாசனம் எத்தன பேரு செத்தாங்கன்னு கேக்கவே இல்ல, ஒரு தேசிய, இன, நிற, மத குழுவ முழுசாவோ ஒரு பகுதியாவோ அழிக்கணும்ங்கிற நோக்கம் இருந்துச்சான்னுதான் கேக்குது. பொஸ்னியாவுல உள்ள ஸ்ரெப்ரெனிகாவுல செத்தது சுமார் எட்டாயிரம் பேரு, அத இனப்படுகொலைன்னு சர்வதேச நீதிமன்றம் 2007ல தீர்ப்பு சொல்லிருச்சு. ஆகவே நம்பர் சண்டைய நடத்துறவங்க பாதிப் பேரு நோக்கம் பத்தின பேச்ச வரவிடாம செய்யத்தான் நடத்துறாங்கன்னு நான் நினைக்கிறேன்.

நோக்கத்துக்கு வருவோம். சர்வதேச ஜூரிஸ்ட் ஆணைக்குழு, ஜெனீவால உள்ளது, 1972லேயே ஒரு அறிக்கை வெளியிட்டுச்சு. வங்காளிகள் முழுப்பேரையும் ஒரு குழுவா எடுத்து அழிக்கிற நோக்கத்த நிரூபிக்கிறது கஷ்டம், அரசியல் காரணத்துக்காக கொன்னோம்ன்னு பாகிஸ்தான் தப்பிக்கலாம், ஏன்னா அரசியல் குழு சாசனத்துக்குள்ள வராது. ஆனா கிழக்கு வங்காளத்து இந்துக்களுக்கு எதிரா இனப்படுகொலை நடந்துச்சுங்கிறதுக்கு முதல் பார்வையிலேயே பலமான ஆதாரம் இருக்குன்னு சொல்லிருச்சு. கதவுல மஞ்சள்ல எச் எழுத்து போட்டு வீட்ட அடையாளம் வச்ச ஊரு அது. எனக்கு இதுல ஒரு ஆதங்கம் உண்டு. டாக்காவுல வந்த அரசாங்கங்கள் எல்லாமே "வங்காளிகள்"ன்னு ஒட்டுமொத்தமா பேசவே விரும்புச்சு, இந்துக்கள தனியா சொன்னா புதுசா பொறந்த நாட்டுக்குள்ள பிளவு வரும்ன்னு பயம், டெல்லிக்கும் அப்ப அதே பயம். அதனால சட்டப்படி ரொம்ப பலமா இருந்த வாதம்தான் ரொம்ப குறைவா பேசப்பட்டுச்சு.

சரி, அப்ப ஏன் வழக்கு நடக்கல? இங்கதான் நிறைய பேருக்கு தெரியாத விஷயம். போர் முடிஞ்சு டிசம்பர் 16 சரணடைஞ்ச பாகிஸ்தான் தரப்பு 93,000 பேருல 195 ஆமி ஆளுங்கள விசாரிக்கணும்ன்னு பங்களாதேஷ் பேரு கொடுத்துச்சு, அவங்க இருந்தது இந்தியாவோட கையில. பாகிஸ்தான் என்ன பண்ணுச்சு தெரியுமா, 1973 மே மாசம் அதுவே ஹேக்ல உள்ள சர்வதேச நீதிமன்றத்துக்கு போச்சு, இனப்படுகொலை சாசனத்த காட்டியே போச்சு. எங்க ஆளுங்கள விசாரிக்கிற உரிமை எங்களுக்குத்தான், இந்தியா அவங்கள டாக்காவுக்கு குடுக்கக் கூடாதுன்னு. இன்னொரு பக்கம் பாகிஸ்தான்ல மாட்டிக்கிட்டிருந்த வங்காளிகள்ல 203 பேர எடுத்து உளவு பாத்தாங்கன்னு நாங்களும் விசாரிப்போம்ன்னு மிரட்டுச்சு. லட்சக்கணக்கான வங்காளி குடும்பம் அங்க முடங்கி கிடந்துச்சு. சீனா வேற 1972 ஆகஸ்ட்ல பங்களாதேஷ் ஐநாவுல சேர்றத வீட்டோ போட்டு நிறுத்திருச்சு. சாப்பாட்டுக்கே வழியில்லாத ஒரு புது நாடு, கழுத்துல இத்தன கயிறு.

1974 பெப்ரவரில பாகிஸ்தான் பங்களாதேஷ அங்கீகரிச்சுச்சு, ஏப்ரல்ல டெல்லியில மூணு நாடும் கையெழுத்து போட்டு அந்த 195 பேரும் ஊருக்கு போயிட்டாங்க, செப்டம்பர்ல பங்களாதேஷ் ஐநாவுல சேந்துருச்சு. வரிசையா தேதிய வச்சு பாருங்க. நாட்டுக்கு அங்கீகாரம் வாங்க படுகொலைக்கான அங்கீகாரத்த விக்க வேண்டியதா போச்சு. அந்த ஒப்பந்தத்துல பாகிஸ்தான் எழுதிக் கொடுத்தது "ஏதாவது குற்றம் நடந்திருந்தா" அதுக்கு வருத்தம்ங்கிற மாதிரி ஒரு வாக்கியம்தான். 2002ல பாகிஸ்தான் ஜனாதிபதி முஷரஃப் டாக்கா பக்கம் சாவார் நினைவிடத்துக்கு போய் வருத்தம் தெரிவிச்சாரு. 2025 ஆகஸ்ட்ல அவங்க வெளிநாட்டமைச்சர் இஷாக் தார் டாக்காவுலயே நின்னு இந்த பிரச்சினை ரெண்டு தடவ தீர்ந்து போச்சுன்னு சொன்னாரு, பங்களாதேஷ் தரப்பு உடனே அத ஏத்துக்கலைன்னு சொல்லிருச்சு.


தெமட்டகொட_நாநா

அஸ்ஸலாமு அலைக்கும், வணக்கம். நானும் ஒன்டு சொல்லணும். எங்கட வீடுகள்ல இந்தக் கத வேற மாதிரித்தான் சொல்லி வளத்தாங்க. இந்தியா சூழ்ச்சி செஞ்சு ஒரு முஸ்லிம் நாட்ட ரெண்டா உடைச்சது, அவ்வளவுதான் கத. பாகிஸ்தான் கிரிக்கட் டீம்ல உள்ள பாசம், அங்க ஸ்கொலர்ஷிப்ல போய் டொக்டர் ஆகி வந்த சொந்தக்காரங்க, இதெல்லாம் சேந்து ஒருத்தரும் அதுக்கு மேல கேக்க விரும்பல்ல. அந்தக் கதையில செத்தவங்க இல்ல. நான் அத வளந்த பொறகு நிறைய வாசிச்சுத்தான் பாத்தேன், அதனால நம்மட ஆளுகளுக்கும் சேத்து எழுதுறேன்.

செத்ததுல பெரும் பகுதி கலிமா சொன்ன ஆளுகள். தொழுது நோம்பு புடிச்ச ஏழ விவசாயிகள். நீங்க முழு முஸ்லிம் இல்ல, உங்கட பாஷையும் பாட்டும் இந்துப் பாஷைன்டு சொல்லி சுட்டாங்க. வங்காள முஸ்லிம கீழ்சாதி மாதிரி பாத்த பார்வை ஆமி ஒபிசர்மாருட எழுத்துலயே ஈக்கி. மதத்த முன்னுக்கு வச்சு மொழிய நசுக்கினா என்ன நடக்கும்டு தமிழ் பேசுற முஸ்லிம்கள் நாங்கதான் முதல்ல விளங்கிக்கொள்ளணும்.

டிசம்பர் 14 பத்தி மேல ஒருத்தரும் சொல்லல்ல. தோக்கப் போறோம்டு தெரிஞ்ச பொறகு, சரணடைய ரெண்டு நாள் ஈக்கக்குள்ள, பாகிஸ்தான் ஆமிக்கு உதவின அல் பத்ர் எண்ட வங்காளிப் படை ஆளுகள் லிஸ்ட் வச்சுக்கொண்டு வீடு வீடாப் போய் ப்ரொபசர்மார், டொக்டர்மார், பத்திரிகைக்காரர்கள கண்ணக் கட்டி ஏத்திக்கொண்டு போனாங்க. நாடகம் எழுதின முனீர் சௌத்ரி, எழுத்தாளர் ஷஹீதுல்லா கைசர், இதய டொக்டர் ஃபஸ்லே ரப்பி, கண் டொக்டர் ஆலிம் சௌத்ரி. ராயேர்பஜார் செங்கல் சூளைக் குழியில கன பேருட மையத்துகள் கெடச்சது. முனீர் சௌத்ரியிட மையத்து கெடைக்கவே இல்ல. பேரப் பாருங்க, எல்லாம் முஸ்லிம் பேர். கூட்டிக்கொண்டு போனவனும் முஸ்லிம் பேர் வச்ச வங்காளிதான்.

அந்த அல் பத்ர் தலைவர் மதியுர் ரஹ்மான் நிஸாமி 2001ல அமைச்சரா வந்து கொடி போட்ட கார்ல போனார். 75ல முஜிப கொன்ட பொறகு வந்த அரசாங்கம் 71ல பாகிஸ்தான் ஆமிக்கு உதவின துரோகிகள விசாரிக்கிற சட்டத்தயே அந்த வருசக் கடைசில எடுத்துப் போட்டதாலதான் அது நடந்தது. ஜஹானாரா இமாம்டு ஒரு தாய், மகன் ரூமிய 71ல ஆமி கொண்டு போய் திரும்பத் தரல்ல, அவங்க 1992 மார்ச் 26 சுஹ்ரவர்தி மைதானத்துல சனங்கள்ட நீதிமன்றம்டு ஒன்ட நடத்தி ஜமாஅத்தே இஸ்லாமி தலைவர் குலாம் அஸமுக்கு எதிரா தீர்ப்பு சொன்னாங்க. அரசாங்கம் அவங்கமேலயே ராஜத் துரோக வழக்கு போட்டது. 2010ல 71 குற்றங்கள விசாரிக்க ட்ரிபியூனல் வந்தது, 2013ல ஷாபாக்ல சனம் தெருவுக்கு எறங்கினது, நிஸாமிய 2016ல தூக்கினாங்க. அந்த வழக்குகள் நியாயமா நடக்கல்லன்டு மனித உரிமை அமைப்புகள் சொன்னதும் உண்மை, எனக்கும் அதுல மனசு ஒத்துக்கொள்ளல்ல, நீதி கேக்குற வழக்குல எதிரிக்கும் நீதி கெடைக்கணும்.

இன்னொன்டு, உருது பேசின பிஹாரிகளயும் வங்காளிகள் கொன்டாங்க, ஆயிரக்கணக்குல. அவங்கட புள்ளைகள் இன்னமும் மொஹம்மத்பூர் ஜெனீவா கேம்ப்ல ஒரு சின்ன அறைக்குள்ள ஒரு குடும்பமா ஈக்காங்க, 2008ல தான் கோர்ட் அவங்களுக்கு பிரஜாவுரிமை ஈக்குன்டு சொன்னது. 90 ஒக்டோபர்ல வடக்குல இருந்து வெரட்டப்பட்ட ஆளுகள் புத்தளத்துல எப்படி இருந்தாங்கன்டு பாத்தவன் நான், கேம்ப்ல பொறந்த புள்ளைட வாழ்க்க என்னான்டு தெரியும். இத சொன்னா 71 பொய்யாகிடாது. இத மறைக்கிறவன்ட்ட இருந்து தான் பாகிஸ்தான் தரப்புக்கு ஆயுதம் கெடைக்குது.


பழைய_எழுதுவினைஞர்

மகள் தர்ஷி, கட்டுநாயக்க விடயம் பற்றி நான் சொல்கிறேன், அந்தக் காலத்தில் கொழும்பில் இளந்தாரியாக இருந்தவன்.

உண்மைதான். 71 ஜனவரி 30 இந்தியன் எயார்லைன்ஸின் கங்கா என்ற விமானத்தைக் கடத்திக்கொண்டு போய் லாகூரில் வைத்து எரித்தார்கள். அதைக் காட்டி இந்தியா பெப்ரவரி தொடக்கத்தில் தன் வானத்தால் பாகிஸ்தான் விமானம் எதுவும் பறக்கக் கூடாது என்று தடை போட்டது. கராச்சிக்கும் டாக்காவுக்கும் இடையில் ஆயிரம் மைல் சொச்சம், இப்போது இந்தியாவைச் சுற்றி வர வேண்டும், அது ஏறக்குறைய மூன்று மடங்கு தூரம், நடுவில் எண்ணெய் அடிக்காமல் போக முடியாது. அதற்குத்தான் கட்டுநாயக்க. சிறிமாவோ அம்மையாரின் அரசாங்கம் பயணிகள் விமானம் என்ற அடிப்படையில் அனுமதி கொடுத்தது. அதில் வந்தவர்கள் பெரும்பாலும் சாதாரண உடுப்புப் போட்ட வாட்டசாட்டமான இளைஞர்கள், குடும்பங்கள் இல்லை. யாஹியா பேச்சுவார்த்தை நடத்திக்கொண்டிருந்த அந்த மார்ச் மாதம் முழுக்க அந்தப் பாதையால்தான் ஆட்களைச் சேர்த்தார்கள் என்று வங்காளிகள் அன்றும் சொன்னார்கள், இன்றும் சொல்கிறார்கள். அவர்கள் சொல்வதை நான் நம்புகிறேன். இந்தியாவும் இதைக் கொழும்பிடம் கேட்டது.

ஏப்ரல் 5 இங்கே ஜேவிபி கிளர்ச்சி வெடித்தது. ஊரடங்கு, ஆறுகளில் பொடியன்களின் பிரேதங்கள், எங்களுக்கு டாக்காவைப் பற்றி யோசிக்க நேரமில்லை. அந்த நேரம் அம்மையார் உதவி கேட்க இந்தியாவும் ஹெலிகொப்டர் அனுப்பியது, பாகிஸ்தானும் அனுப்பியது. கிழக்கில் தன் சொந்தப் பிரஜைகளை வேட்டையாடிக்கொண்டிருந்த அரசு இங்கே எங்கள் அரசைக் காப்பாற்ற ஆள் அனுப்பியது. அதற்குப் பிறகு கொழும்பு வாய் திறக்குமா? பங்களாதேஷை 72இல் அங்கீகரித்தார்கள், அத்தோடு சரி. எண்ணெய் அடித்துக் கொடுத்தது பற்றி இன்றுவரை இந்த நாட்டில் ஒருவரும் அந்த மக்களிடம் ஒரு வார்த்தை சொன்னதில்லை. அந்தப் பெரியவர் உங்களிடம் சொன்னதில் எந்தப் பிழையும் இல்லை, மகள். அவர் இன்னும் டாக்காவில்தான் என்றால் அண்ணாவிடம் சொல்லி அவருக்கு இதைத் தெரிவியுங்கள், கொழும்பில் இதை ஒத்துக்கொள்கிற ஒரு கிழவனாவது இருக்கிறான் என்று.


வத்தளை_வாசுகி

எல்லாரும் எழுதினத வாசிச்சன், பொம்பிளையள் பற்றி ஒரு வரி இல்ல. பாலியல் வன்முறைக்கு ஆளானது ரெண்டு லட்சம் பெண்கள் எண்டு பங்களாதேஷ் அரசாங்கம் சொல்லுது, அதுக்கு மேல எண்டு சொல்றவையும் இருக்கினம். முகாம்களுக்குள்ள மாசக்கணக்கா அடைச்சு வச்சிருந்தவங்கள். 72ல முஜிப் அவையளுக்கு வீராங்கனை எண்டு பட்டம் குடுத்தார், நல்ல மனசோடதான் குடுத்திருப்பார், ஆனா அந்தப் பட்டம் ஊருக்குள்ள முத்திரை மாதிரி ஆகிட்டுது, புருசன் சேக்கேல்ல, தகப்பன் சேக்கேல்ல. கருக்கலைக்க அரசாங்கமே கிளினிக் திறந்தது, பிறந்த பிள்ளையள் கன பேர வெளிநாட்டுக்குத் தத்துக் குடுத்தவை. சிற்பி ஃபெர்தௌசி பிரியபாஷினி தன்ர பேரோட வெளியில வந்து எனக்கு நடந்தது இதுதான் எண்டு சொன்ன முதல் ஆக்களில ஒருத்தி. ஆயுதம் தூக்கின ஆம்பிளையளுக்குக் குடுக்கிற விடுதலைப் போராளி அந்தஸ்தும் காசும் இந்தப் பெண்களுக்குக் கிடைக்கத் தொடங்கினது 2015ல. அதுக்குள்ள எத்தின பேர் செத்துப் போயிருப்பினம்.

சட்டத்தரணி அண்ணா, ஒரு கேள்வி. பாலியல் வன்முறைய இனப்படுகொலையின்ட பகுதியா 72ல ஆராவது வாதிட்டவையா? ருவாண்டா வழக்கிலதானே அது வந்தது?


புதுக்கடை_சட்டத்தரணி

ஆமா அக்கா, 1998ல அகாயேசு தீர்ப்பு. ஒரு குழுவ அழிக்கிற நோக்கத்தோட செய்யிற பாலியல் வன்முறையும் இனப்படுகொலைதான்னு ஒரு சர்வதேச நீதிமன்றம் சொன்னது அதுதான் முதல் தடவ. 72ல அந்தக் கருவி யாரு கையிலயும் இல்ல. இன்னிக்கு 71 வழக்க புதுசா எழுதுனா, "அடுத்த தலைமுறையோட ரத்தத்தயே மாத்துறோம்"ங்கிற மாதிரி ஆமிக்காரங்க பேசுனதா வந்த சாட்சியங்கள வச்சு, நோக்கத்துக்கான ஆதாரமே பெண்கள்கிட்ட இருந்துதான் வரும்ன்னு நான் நம்புறேன்.


தெஹிவளை_தர்ஷி

எல்லாருக்கும் நன்றி. ஐயா, அண்ணாட்ட இண்டைக்கே சொல்றன், அந்தப் பெரியவர் இன்னும் அங்கதான் வேலை. நாநா நீங்க எழுதினத எங்கட வீட்டு வட்ஸ்அப் குறூப்பில போட்டிருக்கன், பிழையெண்டா சொல்லுங்கோ எடுக்கிறன். இன்னும் ஒண்டு விளங்கேல்ல. 2017ல பங்களாதேஷ் பாராளுமன்றம் மார்ச் 25 இனப்படுகொலை நாள் எண்டு தீர்மானம் போட்டதெண்டு மியூசியத்தில சொன்னவை. அப்ப அத ஐநா நாளாவும் ஆக்கேலாதா? வழக்கும் இனிப் போடவே ஏலாதா?


புதுக்கடை_சட்டத்தரணி

நாள் விஷயம் லேட் ஆயிருச்சு தங்கச்சி. ஐநா 2015லேயே டிசம்பர் 9 இனப்படுகொலையில செத்தவங்களுக்கான நாள்ன்னு முடிவு பண்ணிருச்சு, சாசனம் நிறைவேறின தேதி அது. அதனால மார்ச் 25 உலக நாளா வராது. நாடுகளும் நிறுவனங்களும் தனித்தனியா ஏத்துக்கிற வழிதான் மிச்சம். 2022 ஒக்டோபர்ல அமெரிக்க காங்கிரஸ்ல ஸ்டீவ் ஷபோவும் ரோ கன்னாவும் ஒரு தீர்மானம் கொண்டு வந்தாங்க, நிறைவேறல. 2023 ஏப்ரல்ல இனப்படுகொலை ஆய்வாளர்களோட சர்வதேச சங்கம் ஏத்துக்கிச்சு. கனடா பாராளுமன்றம் மே 18 பத்தி 2022ல தீர்மானம் எடுத்தப்ப நம்ம ஆளுங்க எத்தன வருஷம் கதவ தட்டுனாங்கன்னு உங்களுக்கு தெரியும், வங்காளிகள் லண்டன்லயும் நியூயோர்க்லயும் இப்ப அதே வேலையத்தான் செய்யிறாங்க.

வழக்கு விஷயத்துல ஒரு முடிச்சு இருக்கு. பங்களாதேஷ் 1998ல சாசனத்துல சேரும்போது ஒன்பதாம் பிரிவுக்கு ஒரு நிபந்தனை வச்சுச்சு. ஹேக் கோர்ட்டுக்கு போறதுன்னா சம்பந்தப்பட்ட எல்லா நாட்டோட சம்மதமும் வேணும்ன்னு. இந்தியாவும் அதே மாதிரி வச்சிருக்கு. அப்ப பாகிஸ்தான் சம்மதிச்சாத்தான் பங்களாதேஷ் போகலாம். ஆனா ரோஹிங்கியா விஷயத்துல இதே தடை இருந்தும் காம்பியா மியன்மார் மேல வழக்கு போட்டுச்சு, மியன்மார் பங்களாதேஷ் வச்ச இந்த நிபந்தனைய காட்டி வாதாடுச்சு, 2022ல கோர்ட் அத தள்ளிருச்சு, நேரடியா பாதிக்கப்படாத நாடும் சாசனத்துல இருந்தா வழக்கு போடலாம்ன்னு. பாகிஸ்தான் சாசனத்துல சேந்தது 1957ல, அதனால 71ல அந்தக் கடமை அதுக்கு இருந்துச்சு. அம்பது வருஷம் கழிச்சு போறதுல வேற வாதங்கள் வரும், சும்மா ஜெயிச்சிர முடியாது, ஆனா கதவு முழுசா பூட்டல. பாகிஸ்தானோட ஹேக்ல மோத தயாரா இருக்கிற ஒரு மூணாவது நாடு வேணும், அதுதான் கிடைக்கல. இலங்கையும் 1950லேருந்து அந்தச் சாசனத்துல உறுப்பு நாடுதான்.